கீச்சுனு சத்தம் கேக்குதா? கார் பிரேக் பேடை வீட்டிலேயே மாத்தலாம்... ஆனா வண்டியை நகர்த்துறதுக்கு முன்னாடி இதைப் படிங்க!

காலையில் வண்டியை எடுக்கிறீர்கள். தெருமுனை ஸ்பீடு பிரேக்கர் வரும்போது முன்சக்கரத்தில் இருந்து 'கீஈஈச்'னு ஒரு சத்தம். பாட்டு சவுண்டைக் குறைத்துவிட்டுக் கேட்டால், பிரேக்கை மிதிக்கும்போதெல்லாம் வருகிறது. ரெண்டு நாள் கண்டுக்காமல் விடுகிறீர்கள். மூணாவது நாள் ஒர்க்‌ஷாப்புக்குப் போனால், அவர் வண்டியை ஒரு ரவுண்டு ஓட்டிப் பார்த்துவிட்டு, "பேட் முடிஞ்சிடுச்சு சார். டிஸ்க்கும் மாத்திடலாம். நாலு வீலும் சர்வீஸ் போட்டுடலாம்" என்கிறார். சரி என்பதா, வேணாம் என்பதா? அவர் சொல்வது உண்மையாகவும் இருக்கலாம். ஆனால், அந்தச் சக்கரத்துக்குள் என்ன இருக்கிறது என்று ஒரு தடவைகூடப் பார்க்காத நமக்கு எப்படித் தெரியும்?

இன்னொரு பக்கம், "நானே மாத்திக்கிறேன்"னு வீட்டில் சொல்லிப் பாருங்கள். "வேற எதுல வேணும்னாலும் கை வை, பிரேக்குல வைக்காதே" என்று அப்பா ஒரே போடாகப் போடுவார். அவர் பயப்படுவதிலும் நியாயம் இருக்கிறது.

காரில் நாமே செய்யக்கூடிய வேலைகளில் முன்சக்கர பிரேக் பேட் மாற்றுவது சுலபமான ஒன்றுதான். ஸ்டெப்னி மாற்றத் தெரிந்தவர்கள், கொஞ்சம் பொறுமை இருந்தால், முதல் தடவையே மூணு மணி நேரத்தில் முடித்துவிடலாம். ஆனால், இதில் நாலு இடங்கள் இருக்கின்றன. அங்கே கவனம் தப்பினால் மன்னிப்பே கிடையாது. அந்த நாலு இடங்களில் மட்டும் நிதானமாக நிற்போம். மற்றதெல்லாம் போல்ட்டைக் கழற்றி மாட்டும் வேலைதான்.

இங்கே சொல்வதெல்லாம் ஸ்விஃப்ட், வேகன் ஆர், ஐ10, டியாகோ மாதிரி நம் ஊரில் அதிகம் ஓடும் சின்ன கார்களை மனதில் வைத்துத்தான். முன்னால் டிஸ்க், பின்னால் டிரம் இருக்கும் வண்டிகள். பின்பக்கமும் டிஸ்க், பட்டனை அழுத்தினால் விழும் எலெக்ட்ரானிக் ஹேண்ட்பிரேக் என்று இருக்கும் வண்டிகளில் பின்சக்கரத்தைத் தொடாதீர்கள். அது வேற கதை.

கீச் வேற... கரகர வேற!

அந்தக் கீச் சத்தம் கோளாறே அல்ல. வேண்டுமென்றே வைத்தது. பல பேடுகளின் ஓரத்தில் ஒரு சின்ன இரும்புத் தகடு நீட்டிக்கொண்டிருக்கும். பேட் தேய்ந்து இரண்டு, மூன்று மில்லிமீட்டர் அளவுக்கு வந்ததும் அந்தத் தகடு டிஸ்க்கை உரச ஆரம்பிக்கும். "என்னை மாத்து" என்று பேடே குரல் கொடுக்கிற ஏற்பாடு. புதுப் பேடில் உரசும் பகுதி சுமார் 10 மி.மீ இருக்கும். 3 மி.மீ-க்கு வந்துவிட்டால் மாற்றிவிடுவது நல்லது.

கீச் சத்தத்தைக் கண்டுக்காமல் விட்டவர்களுக்கு அடுத்து வருவது கரகர சத்தம். உரசும் பொருள் முழுக்கத் தீர்ந்து, பின்னால் இருக்கும் இரும்புத் தட்டே டிஸ்க்கைச் சுரண்டுகிறது என்று அர்த்தம். இந்தக் கட்டத்தில் வீட்டில் பேட் மட்டும் மாற்றி பிரயோஜனம் இல்லை. டிஸ்க்கும் பார்க்க வேண்டும்.

ராத்திரி மழையில் நின்ற வண்டியைக் காலையில் எடுத்ததும் முதல் ரெண்டு மூணு பிரேக்கில் வரும் சரசர சத்தத்தை இதோடு குழப்பிக்கொள்ளாதீர்கள். டிஸ்க் மேல் படிந்த லேசான துரு அது. தெருவைத் தாண்டுவதற்குள் போய்விடும்.

பேட் எத்தனை கிலோமீட்டர் வரும்? 30,000-ல் முடித்தவர்களும் உண்டு, 60,000 வரை இழுத்தவர்களும் உண்டு. அண்ணாசாலையில் சிக்னலுக்குச் சிக்னல் மிதிப்பவரையும், பைபாஸில் நேராகப் போகிறவரையும் ஒரே கணக்கில் சேர்க்க முடியாது. ஓடோமீட்டரை நம்பாமல் கண்ணால் பாருங்கள். அலாய் வீல் என்றால் ஆரங்களுக்கு நடுவே மொபைல் டார்ச் அடித்தாலே வெளிப்பக்கப் பேட் தெரியும். ஆனால், உள்பக்கப் பேட்தான் பல வண்டிகளில் முதலில் தேயும். அது சக்கரத்தைக் கழற்றினால்தான் தெரியும்.

எட்டு கிளாஸ் டீ

இந்தக் குட்டிப் பேட் செய்கிற வேலை என்னவென்று ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். ஆட்களோடு சேர்த்து 1,000 கிலோ எடையுள்ள ஒரு கார், 80 கி.மீ வேகத்தில் போகிறது. மாடு குறுக்கே வந்துவிட்டது. முழுசாக நிறுத்துகிறீர்கள். அந்த ஓட்டத்தில் இருந்த சக்தியெல்லாம் எங்கே போனது? பிரேக்கில் சூடாக மாறியது. அந்தச் சூட்டை அப்படியே பிடித்துவைக்க முடிந்தால், முக்கால் லிட்டருக்கு மேல் தண்ணீரைக் கொதிக்கவைத்துவிடலாம். கிட்டத்தட்ட எட்டு கிளாஸ் டீ. ஒரே ஒரு தடவை பிரேக் போட்டதற்கு!

பிரேக் பிடிக்கும்போது வண்டியின் எடை முன்னால் சாய்வதால், இந்த வேலையில் பெரும்பங்கு முன்சக்கரங்களுக்குத்தான். அதனால்தான் முன்பக்கப் பேட் சீக்கிரம் தீர்கிறது. ஏற்காட்டின் 20 கொண்டை ஊசி வளைவுகளையோ, கொல்லிமலையின் 70-ஐயோ பிரேக்கிலேயே காலை வைத்து இறங்கினால், அந்தச் சூடு ஆறவே நேரம் கிடைக்காது. எந்த கியரில் ஏறினீர்களோ, அதே கியரில் இறங்கச் சொல்வது இதற்காகத்தான்.

ஒரு சுவாரஸ்யம். பிரேக்கில் உரசும் பொருளைத் தனியாக ஒட்டி, தேய்ந்ததும் மாற்றலாம் என்ற யோசனையைச் செய்து காட்டியது ஒரு அம்மா. 1888-ல் ஜெர்மனியில் பெர்த்தா பென்ஸ், கணவர் கார்ல் பென்ஸுக்குச் சொல்லாமலேயே அவர் உருவாக்கிய காரை எடுத்துக்கொண்டு, ரெண்டு பையன்களோடு மான்ஹைமில் இருந்து ஃபோர்ஸைம் வரை, 100 கி.மீ-க்கு மேல் போனார். வழியில் மரக்கட்டை பிரேக் தேய்ந்துபோக, ஒரு செருப்புத் தைக்கும் கடையில் நிறுத்தி, கட்டை மேல் தோலை அடித்து மாட்டச் சொன்னார். மெக்கானிக் ஷெட்டே இல்லாத காலத்தில் நடந்த பிரேக் வேலை அது!

எதை வாங்கணும்?

பேட் நாலு சேர்ந்த செட்டாகத்தான் வரும். வலதுக்கு ரெண்டு, இடதுக்கு ரெண்டு. ஒரு பக்கம் மட்டும் தேய்ந்திருக்கிறது என்று அந்தப் பக்கம் மட்டும் மாற்றினால், பிரேக் போடும்போது வண்டி ஒரு பக்கமாக இழுக்கும். மாற்றினால் ரெண்டு பக்கமும் மாற்றணும்.

கடையில் வண்டி பெயர் மட்டும் சொன்னால் போதாது. ஒரே பெயரில் தலைமுறைக்குத் தலைமுறை பேட் மாறியிருக்கும். ஆர்.சி புக்கைக் காட்டுங்கள். வருஷம், பெட்ரோலா டீசலா, முடிந்தால் சேஸிஸ் நம்பர் வரை சொல்லுங்கள். கம்பெனி ஒரிஜினல்தான் வேண்டும் என்பதில்லை. நல்ல பெயருள்ள பிராண்டாக இருந்தால் போதும். பிரேக் பாகங்கள் விஷயத்தில் சென்னை ஒன்றும் சாதாரண ஊர் இல்லை. 1962-ல் தொடங்கிய பிரேக்ஸ் இந்தியா இருப்பது பாடியில். சுந்தரம் பிரேக் லைனிங்ஸும் அங்கேதான். ரானேயின் பிரேக் லைனிங் தொழிற்சாலை அம்பத்தூரில். டில்லிக்காரர் மிதிக்கிற பேடும் நம்ம ஊரில் செய்ததாக இருக்கலாம்.

சந்தேகப்பட வேண்டியது போலிகளை. அச்சு மங்கிய அட்டைப்பெட்டி, எம்.ஆர்.பி இல்லாத பெட்டி, 'பில் வேணாம்னா இன்னும் குறைச்சுக்கலாம்' என்கிற கடை... மூன்றில் எது இருந்தாலும் திரும்பி வந்துவிடுங்கள். புதுப்பேட்டையில் பழைய கதவு ஹேண்டில் வாங்கலாம், கண்ணாடி வாங்கலாம். பழைய பிரேக் பேட் மட்டும் வேண்டாம்.

பேடோடு சேர்த்து வாங்க வேண்டியவை: சிலிகான் பிரேக் கிரீஸ் சின்ன பாக்கெட், பிரேக் கிளீனர் ஸ்பிரே, ரப்பர் கையுறை, மாஸ்க். கருவிகளில் ரிங் ஸ்பேனர் அல்லது சாக்கெட் செட், ஒரு சி கிளாம்ப், கொஞ்சம் கட்டுக்கம்பி, கம்பி பிரஷ். அப்புறம் கண்டிப்பாக ஒரு ஜோடி ஜாக்கி ஸ்டாண்டு. இதற்குச் செலவாகிறதே என்று யோசிப்பவர்கள், அடுத்த பகுதியைப் படித்துவிட்டு முடிவு பண்ணுங்கள்.

முதல் இடம்: வண்டியின் எடை

காரோடு வரும் ஜாக்கி, ரோட்டோரம் ஸ்டெப்னி மாற்றும் பத்து நிமிஷத்துக்கு மட்டுமே. அதை நம்பி வண்டிக்கு அடியில் கையோ தலையோ நுழைக்கக் கூடாது. நாம் போல்ட்டைப் பிடித்து ஆட்டி இழுக்கப்போகிறோம். அந்த ஆட்டத்தில் ஜாக்கி சரிந்தால், காரின் எடை முழுக்க இறங்குவது உங்கள் மேல். செங்கல், ஹாலோ பிளாக் எதையும் முட்டுக்கொடுக்காதீர்கள். சுவரில் பல வருஷம் நிற்கும் ஹாலோ பிளாக், காரின் இரும்பு முனை ஒரே இடத்தில் அழுத்தும்போது சொல்லாமல் கொள்ளாமல் நொறுங்கும்.

சமதளமான சிமென்ட் தரையில் நிறுத்துங்கள். மண் தரை வேண்டாம். வீட்டு முன் சரிவும் வேண்டாம். ஹேண்ட்பிரேக் போட்டு, முதல் கியரில் விட்டு, பின்சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கட்டை வையுங்கள். சக்கரம் தரையில் இருக்கும்போதே வீல் நட்டுகளைக் கால் சுற்று தளர்த்திவிடுங்கள். அதற்குப் பிறகு ஜாக்கியில் தூக்கி, மேனுவலில் காட்டியிருக்கும் இடத்தில் ஸ்டாண்டை வைத்து, வண்டியை அதன் மேல் இறக்குங்கள். பம்பரைப் பிடித்து ஒரு தடவை நன்றாக ஆட்டிப் பாருங்கள். அசையக் கூடாது. கழற்றிய சக்கரத்தையும் வண்டிக்கு அடியில் படுக்கப்போட்டுவிட்டால் இன்னும் ஒரு காவல்.

ஒரு நேரத்தில் ஒரு பக்கம் மட்டும் கழற்றுங்கள். எந்த கிளிப் எங்கே இருந்தது என்று குழம்பினால், கழற்றாத அடுத்த பக்கத்தைப் பார்த்துக்கொள்ளலாம். கழற்றும் முன்பு மொபைலில் நாலு கோணத்தில் போட்டோ எடுத்துக்கொள்வதும் நல்லது.

இரண்டாவது இடம்: அந்தக் கறுப்பு ரப்பர் குழாய்

சக்கரத்தை எடுத்ததும் பளபளவென்று தெரிவது டிஸ்க். அதைக் கவ்விக்கொண்டிருக்கும் இரும்புக் கைதான் காலிப்பர். அதன் பின்பக்கம் ரெண்டு போல்ட் இருக்கும். 12 அல்லது 14 நம்பர் ஸ்பேனர் பெரும்பாலும் சேரும், வண்டிக்கு வண்டி மாறும். ஸ்டீயரிங்கைத் திருப்பிவைத்தால் போல்ட்டுகள் கைக்கு எட்டும். காலிப்பரில் பித்தளை மாதிரி ஒரு சின்ன நிப்பிளும், குழாய் வந்து சேரும் இடத்தில் இன்னொரு போல்ட்டும் இருக்கும். அந்த இரண்டையும் தொடாதீர்கள். தொட்டால் பிரேக் ஆயில் வெளியே வரும், காற்று உள்ளே போகும். வேலையே வேறாகிவிடும்.

பல வண்டிகளில் கீழ் போல்ட்டை மட்டும் கழற்றி, காலிப்பரைக் கதவு மாதிரி மேலே தூக்கினால் போதும். பேடுகள் ரெண்டும் கைக்கு வந்துவிடும். ரெண்டு போல்ட்டையும் கழற்ற வேண்டியிருந்தால், காலிப்பரைக் கம்பி போட்டு சஸ்பென்ஷன் ஸ்பிரிங்கில் கட்டித் தொங்கவிடுங்கள். அதன் பின்னால் வரும் கறுப்பு ரப்பர் குழாயில் அது தொங்கவே கூடாது. அந்தக் குழாய்க்குள்தான் நீங்கள் மிதிக்கும் அழுத்தம் சக்கரத்துக்குப் போகிறது. காலிப்பர் எடையில் உள்ளுக்குள் கிழிந்தால் வெளியே எதுவும் தெரியாது. என்றைக்கோ ஒருநாள் அவசரத்தில் ஓங்கி மிதிக்கும்போதுதான் தெரியும். பக்கத்திலேயே ஏபிஎஸ் சென்சாரின் மெல்லிய ஒயரும் போகும். அதையும் இழுத்துவிடாதீர்கள்.

கையில் எடுத்த பழைய பேடுகள் ரெண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இதுதான் ஒர்க்‌ஷாப்பில் விட்டுவிட்டு வந்தால் நமக்குத் தெரியாமலேயே போகிற விஷயம். ரெண்டும் ஏறக்குறைய சமமாகத் தேய்ந்திருந்தால் எல்லாம் சரி. ஒன்று பாதி இருக்க, இன்னொன்று தகடாகியிருந்தால், காலிப்பர் வழுக்கிப்போக உதவும் ஸ்லைடு பின் இறுகிவிட்டது அல்லது பிஸ்டன் சரியாகத் திரும்பவில்லை. பேட் மேல் எண்ணெய் ஈரம் தெரிந்தால் எங்கோ கசிவு. கசிவு என்றால் அங்கேயே நிறுத்திவிட்டு மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள்.

டிஸ்க்கையும் பாருங்கள். விரல் நகத்தை அதன் மேல் குறுக்கே இழுத்தால், லேசான கோடுகள் தட்டுப்படும். அது சகஜம். நகம் மாட்டிக்கொள்கிற அளவுக்குப் பள்ளம், வெடிப்பு, நீலம் பாய்ந்த திட்டுகள், ஓரத்தில் துருத்திக்கொண்டு பெரிய விளிம்பு இருந்தால் கடையில் காட்டுங்கள். எவ்வளவு தேயலாம் என்ற குறைந்தபட்ச தடிமன், டிஸ்க்கிலேயே மி.மீ-யில் பொறித்திருக்கும். வெர்னியர் காலிப்பர் வைத்து அளந்து, அந்த எண்ணோடு ஒப்பிட்டால் போதும். 'டிஸ்க்கும் மாத்திடலாம்' என்பதற்கான விடை அந்த எண்ணில் இருக்கிறது.

கறுப்புத் தூசியை வாயால் ஊதாதீர்கள். காற்று பம்ப் வைத்தும் அடிக்காதீர்கள். பழைய காலப் பேடுகளில் ஆஸ்பெஸ்டாஸ் இருந்தது. இன்றைய தூசியும் நுரையீரலுக்கு நல்லதில்லை. மாஸ்க் போட்டுக்கொண்டு, பிரேக் கிளீனர் அடித்து அல்லது ஈரத்துணியால் துடைத்து எடுங்கள். வீட்டில் இருக்கிறதே என்று டபிள்யூடி-40-ஐ டிஸ்க் மேல் அடித்துவிடாதீர்கள். அது வழுக்க வைக்கும் எண்ணெய். நமக்குத் தேவை அதற்கு நேர் எதிரானது.

மூன்றாவது இடம்: பிஸ்டனைத் தள்ளும்போது பானெட்டைத் திற!

பழைய பேட் தேயத் தேய, காலிப்பருக்குள் இருக்கும் பிஸ்டன் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே வந்திருக்கும். புதுப் பேட் தடிமனானது என்பதால், பிஸ்டனைப் பழைய இடத்துக்குத் தள்ளினால்தான் உள்ளே போகும். தள்ளும்போது, அதன் பின்னால் இருக்கும் பிரேக் ஆயில் வந்த வழியே மேலே ஏறி, இன்ஜின் ரூமில் இருக்கும் டப்பாவுக்குத் திரும்பும்.

பேட் தேய்ந்ததால் டப்பாவில் அளவு இறங்கியிருக்கும். அதைப் பார்த்து, நடுவில் சர்வீஸில் யாராவது மேலே வரை ஊற்றியிருப்பார்கள். இப்போது நீங்கள் தள்ளினால் டப்பா நிரம்பி வழியும். பிரேக் ஆயில் பெயின்ட்டை அரித்துவிடும். அதனால், முதலில் பானெட்டைத் திறந்து மூடியைத் தளர்த்தி, சுற்றிலும் துணி வையுங்கள். அளவு மேல்கோட்டிலேயே இருந்தால், சுத்தமான சிரிஞ்சால் கொஞ்சம் உறிஞ்சி எடுங்கள். எங்காவது சிந்தினால் உடனே தண்ணீர் விட்டுக் கழுவுங்கள்.

ஒரு பழைய பேடை பிஸ்டன் முகத்தில் வைத்து, சி கிளாம்பால் மெதுவாகத் திருகுங்கள். பாதிச் சுற்று, நிறுத்து, மறுபடி பாதிச் சுற்று. எங்கேயும் பலம் காட்ட வேண்டிய வேலையே இல்லை. சீராக உள்ளே போகணும். போக மறுத்தால், அல்லது பிஸ்டனைச் சுற்றியிருக்கும் ரப்பர் உறை கிழிந்திருந்தால், சுத்தியலைத் தேடாதீர்கள். பிஸ்டன் துருப்பிடித்திருக்கலாம். காலிப்பர் வேலை கடைக்காரருடையது. இன்னொன்று, காலிப்பர் திறந்திருக்கும்போது வீட்டில் யாரும் வண்டிக்குள் ஏறி பிரேக்கை மிதிக்கக் கூடாது. மிதித்தால் பிஸ்டன் முழுக்க வெளியே வந்துவிடும். சின்னப் பசங்க இருக்கும் வீடு என்றால் கார் கதவைப் பூட்டிவிடுங்கள்.

ஸ்லைடு பின்களை உருவி, பழைய கிரீஸைத் துடைத்து, சிலிகான் கிரீஸ் மெல்லியதாகத் தடவி மறுபடி செருகுங்கள். சைக்கிள் செயினுக்குப் போடும் சாதாரண கிரீஸ் ரப்பரை ஊதவைத்துவிடும், வேண்டாம். பேட் உட்காரும் கிளிப்புகளைக் கம்பி பிரஷால் தேய்த்து, துருவை எடுத்து மாட்டுங்கள். பெட்டியில் புது கிளிப் இருந்தால் அதையே போடுங்கள். கீச் தகடு உள்ள பேட் எந்தப் பக்கம், எந்த முனை என்று போட்டோவைப் பார்த்துக்கொள்ளுங்கள். உரசும் முகத்தில் கிரீஸ் கையோடு தொடக் கூடாது. அந்த முகம் டிஸ்க்கைப் பார்த்து இருக்க வேண்டும். சிரிக்காதீங்க, திருப்பி மாட்டியவர்களும் இருக்கிறார்கள்!

காலிப்பரை இறக்கி, போல்ட்டுகளை முதலில் கையாலேயே சுற்றி ஏற்றுங்கள். அதன்பிறகு டார்க் ரெஞ்ச் வைத்து, மேனுவலில் உங்கள் வண்டிக்குச் சொல்லியிருக்கும் அளவுக்கு இறுக்குங்கள். காலிப்பர் போல்ட் பார்ப்பதைவிட மெலிசு. ஆத்திரத்தில் முறுக்கினால் மரை போய்விடும். டார்க் ரெஞ்ச் இல்லை என்றால், தெரிந்த ஒர்க்‌ஷாப்பில் அரை நாள் கேட்டு வாங்கலாம், பெரும்பாலும் தருவார்கள். சக்கரத்தை மாட்டி, நட்டுகளை எதிரெதிராக மாற்றி மாற்றி இறுக்குங்கள். அதே வேலையை அடுத்த பக்கமும் செய்து முடியுங்கள்.

நான்காவது இடம்: முதல் மிதி

எல்லாம் முடிந்தது. கையைக் கழுவியாச்சு. சாவியைப் போட்டு, ரிவர்ஸ் எடுத்து ஒரு ரவுண்டு போய்ப் பார்க்கலாம் என்று தோன்றும்.

நில்லுங்க.

இந்த நிமிஷம் உங்கள் வண்டிக்கு முன்சக்கர பிரேக் கிடையாது. பிஸ்டனை உள்ளே தள்ளி வைத்தோம் இல்லையா? பேடுக்கும் டிஸ்க்குக்கும் நடுவே இடைவெளி இருக்கிறது. முதல் மிதியில் பெடல் எந்தத் தடையும் இல்லாமல் தரைவரை போகும். வண்டி நிற்காது. கேட், எதிர்வீட்டுச் சுவர், பின்னால் விளையாடும் குழந்தை... என்ன இருந்தாலும் நிற்காது.

அதனால் வண்டியை ஸ்டார்ட் பண்ணாமல், சீட்டில் உட்கார்ந்து பிரேக்கை மெதுவாக மிதித்து விடுங்கள். மறுபடி மிதியுங்கள். ஒவ்வொரு மிதிக்கும் பிஸ்டன் கொஞ்சம் வெளியே வரும். சில மிதிகளில் பெடல் கல் மாதிரி இறுகும். அதற்குப் பிறகு இன்ஜினை ஸ்டார்ட் பண்ணி மிதித்தால் பெடல் லேசாக இறங்கி நிற்கும். அது பூஸ்டர் வேலை செய்வது, பயப்பட வேண்டாம். எத்தனை தடவை மிதித்தும் பஞ்சு மாதிரியே இருந்தால், அல்லது மெல்ல மெல்லக் கீழே இறங்கிக்கொண்டே போனால், வண்டியை நகர்த்தாதீர்கள். மெக்கானிக் வீட்டுக்கு வரட்டும்.

பெடல் இறுகிய பிறகு டப்பாவில் ஆயில் அளவு, கீழ்க்கோட்டுக்கும் மேல்கோட்டுக்கும் நடுவில் இருக்கிறதா என்று பார்த்து மூடியை இறுக்குங்கள். ஊற்ற வேண்டியிருந்தால் மூடியில் போட்டிருக்கும் டாட் 3 அல்லது டாட் 4 எதுவோ அதையே, சீல் பிரிக்காத புது பாட்டிலில் இருந்து ஊற்றுங்கள். போன வருஷம் திறந்துவைத்த பாட்டில் வேண்டாம். பிரேக் ஆயில் காற்றில் இருக்கும் ஈரத்தைக் குடிக்கும். புது டாட் 3 குறைந்தது 205 டிகிரி வரை கொதிக்காமல் தாங்க வேண்டும். ஈரம் ஏறிய பிறகு அந்த வரம்பு 140 டிகிரிதான். மலை இறக்கத்தில் ஆயில் கொதித்து ஆவியானால் பெடல் காற்றைத்தான் அழுத்தும்.

முதலில் வீட்டு வாசலிலேயே நடக்கிற வேகத்தில், ஒரு கையை ஹேண்ட்பிரேக் பக்கத்தில் வைத்துக்கொண்டு, மூணு நாலு தடவை நிறுத்திப் பாருங்கள். நேராக நிற்கிறதா, ஒரு பக்கம் இழுக்கிறதா, கருகல் வாடை அளவுக்கு மீறி வருகிறதா?

பேடைப் பழக்குங்க

புதுச் செருப்பு மாதிரிதான் புதுப் பேடும். முதல் நாளிலேயே முழுசாகப் பிடிக்காது. விடியற்காலையில் காலியாக இருக்கும் ஒரு சாலைக்குப் போங்கள். கண்ணாடியில் பின்னால் யாரும் இல்லை என்று பார்த்துவிட்டு, 50 கி.மீ வேகத்தில் இருந்து 10 கி.மீ வரை, மிதமான அழுத்தத்தில் குறையுங்கள். முழுக்க நிறுத்தாதீர்கள். கொஞ்ச தூரம் ஓட்டி ஆறவிட்டு மறுபடி. இப்படி எட்டு, பத்து தடவை. பேடில் இருந்து ஒரு மெல்லிய படலம் டிஸ்க் மேல் சீராகப் படியும். பிடிப்பு அதில்தான் வருகிறது. சூடாக இருக்கும்போது சிக்னலில் பெடலை அழுத்திக்கொண்டே நின்றால், அந்தப் படலம் ஒரே இடத்தில் அப்பிக்கொண்டு, பிற்பாடு பிரேக் போடும்போது ஸ்டீயரிங் நடுங்கும். முடித்ததும் சில நிமிஷம் பிரேக்கைத் தொடாமல் ஓட்டி ஆறவிட்டு வீட்டுக்கு வாருங்கள். முதல் 200 கி.மீ-க்கு முன்வண்டியோடு கொஞ்சம் கூடுதல் இடைவெளி விடுங்கள்.

நாளைக்கு வால்பாறை ட்ரிப் என்றால் இன்றைக்குப் பேட் மாற்றாதீர்கள். ஒரு வாரமாவது ஊருக்குள் ஓட்டிப் பழகட்டும். வாரன்ட்டி காலத்தில் இருக்கும் வண்டி என்றால் சர்வீஸ் சென்டரிலேயே விட்டுவிடுவதுதான் லாபம்.

50 கி.மீ ஓடியதும் ரெண்டு சக்கரத்தின் நட்டுகளையும் ஒரு தடவை ஸ்பேனர் போட்டுப் பாருங்கள், ஆயில் டப்பாவையும் பாருங்கள். மாற்றிய தேதியையும் ஓடோமீட்டர் எண்ணையும் பேட் வந்த அட்டையில் எழுதி, போட்டோ எடுத்து, டாஷ்போர்டு பெட்டிக்குள் போட்டுவையுங்கள். அடுத்த தடவை 'டிஸ்க்கும் மாத்திடலாம் சார்' என்று யாராவது சொன்னால், எத்தனை மி.மீ இருக்கிறது என்று கேளுங்கள்.